சோலாரிஸ் கடலும் திணைப் பாகுபாடும்: காலவெளி பிறழும் புனைவுலகைத் தமிழாக்குவதில் எழும் சிக்கல்கள்

1. முன்னுரை

காணாத பொருளுக்குப் பெயரிடுவது மொழிபெயர்ப்பாளர் எதிர்கொள்ளும் கடினமான பணிகளுள் ஒன்று. மூலமொழியினரும் கண்டிராத பொருளாக அஃது அமையுமாயின் சிக்கல் மேலும் இறுகுகிறது. அறிவியல் புனைகதையில் வரும் இயற்கை நிகழ்வுகள் இத்தகையன. அவற்றுக்கு ஒப்பாகக் காட்டத்தக்க பொருள் உலகில் இல்லை. மூல ஆசிரியர் ஆக்கிய சொல்லும், அச்சொல் தொடரில் பெறும் முடிபுமே மொழிபெயர்ப்பாளருக்குக் கிடைக்கும் சான்றுகள்.

போலந்து எழுத்தாளர் ஸ்தானிஸ்லாவ் லெம் (1921-2006) எழுதி 1961-இல் வெளிவந்த 'சோலாரிஸ்' என்னும் நாவல் இவ்வகையில் ஆராயத்தக்கது. காலத்தையும் வெளியையும் திரிக்கவல்ல ஒரு கடல் அதன் மையப்பொருள். அக்கடல் அறிவுடையதா, அன்றா என்பது நாவல் இறுதிவரை விடையின்றி நிறுத்தும் வினா. தமிழோ பெயர்ச்சொற்களை அறிவுடைமை பற்றியே இருதிணையாகப் பகுக்கும் மொழி. ஆகவே நாவல் விடுக்க மறுக்கும் விடையைத் தமிழ் வினைமுற்று ஒவ்வொரு தொடரிலும் விடுக்க நேர்கிறது. இந்நெருக்கடியின் இயல்பையும், தமிழ் இலக்கண மரபில் அதற்குக் கிடைக்கும் வழிகளையும் இக்கட்டுரை விளக்க முற்படுகிறது.

2. கடலின் இயல்பு

சோலாரிஸ் இரு கதிரவன்களைச் சுற்றிவரும் ஒரு கோள். அவற்றுள் ஒன்று செந்நிறம், மற்றொன்று நீலநிறம். ஈர்ப்புக் கணக்கீட்டின்படி இத்தகைய கோளின் பாதை நிலையற்றதாக இருத்தல் வேண்டும். ஆயின் சோலாரிஸின் பாதை நிலைபெற்றிருப்பதை அளவீடுகள் காட்டுகின்றன. கோளை ஏறத்தாழ முழுவதும் மூடியுள்ள கூழ்போன்ற கடலே அப்பாதையை நெறிப்படுத்துகிறது என்னும் முடிவுக்கு நாவலின் அறிவியலார் வந்து சேர்கின்றனர். எவ்வாறு நெறிப்படுத்துகிறது என்னும் வினாவுக்குக் கிடைக்கும் விடை இன்னும் வியப்பானது. கடல் காலவெளியின் அளவமைப்பையே நேரடியாக உருப்படுத்துகிறது. அதனால் ஒரே தீர்க்கக்கோட்டில் எடுக்கப்பெறும் நேர அளவீடுகளும் தம்முள் மாறுபடுகின்றன.

இக்கண்டுபிடிப்பு நாவலில் அறிவின் வெற்றியாக அமையவில்லை. அதிலிருந்து 'சோலாரிசியல்' என்னும் தனித்துறை தோன்றுகிறது. நூலகம் நிறைய நூல்கள் எழுகின்றன. பள்ளிகள் பிரிந்து தம்முள் மறுக்கின்றன. ஒரு சாரார் கடலை மாபெரும் உயிரணுவாகக் கொள்கின்றனர். மற்றொரு சாரார் சிந்திக்கும் பொருளாகக் கொள்கின்றனர். வேறு சிலர் நோக்கமற்ற பொறியமைப்பாகக் கருதுகின்றனர். நாவலின் கதைமாந்தனாகிய உளவியலாளர் கெல்வின் கோளின் ஆய்வுநிலையத்துக்கு வந்து சேரும்போது அத்துறை தளர்ந்த நிலையில் இருக்கிறது. சொற்கள் பெருகியுள்ளன, அறிவு பெருகவில்லை. மொழிபெயர்ப்பாளர் மனத்திருத்த வேண்டிய முதற்செய்தி இதுவே.

3. பெயர்களின் அடுக்குகள்

கடற்பரப்பில் எழுந்து மறையும் பேருருவங்களை வகைப்படுத்திப் பெயரிட்டவர் கீஸே என்னும் ஆய்வாளர் என்று நாவல் கூறுகிறது. அப்பெயர்கள் செயற்கையாக ஒலித்தாலும் உருவங்களைப் பற்றி ஓரளவு கருத்துத் தருவன என்று கெல்வினே மதிப்பிடுகிறான். அப்பெயர்களை மூலமொழியில் நோக்கினால் மூன்று அடுக்குகள் புலப்படும்.

முதல் அடுக்கு, அன்றாடப் போலந்துச் சொற்களால் ஆனது. 'மரம்', 'மலை' என்னும் இரு சொற்களும் இணைந்த தொகைச்சொல் ஒன்று. 'நீளம்' என்னும் பொருளடியிற் பிறந்த பெயர் ஒன்று. 'காளான்' என்னும் சொல்லோடு பருமையும் சற்றே இழிவும் உணர்த்தும் விகுதி சேர்ந்த பெயர் ஒன்று. 'விரைவு' என்று பொருள்படும் பழைய அடைச்சொல்லிற் பிறந்த பெயர் மற்றொன்று. இவை ஓர் உழவரும் ஆக்கக்கூடிய பெயர்கள்.

இரண்டாம் அடுக்கு, பள்ளிப் பாடநூலில் வழங்கும் சொல். முதுகெலும்புடைய விலங்குகளைக் குறிக்கும் வழக்கமான போலந்துச் சொல்லே கடலின் ஓர் உருவ வகைக்கு இட்டு வழங்கப்படுகிறது.

மூன்றாம் அடுக்கு, கிரேக்க வேர்களிற் பிறந்த கல்விச்சொற்கள். 'மிமாய்டு' எனப்படுவது அருகில் வரும் பொருள்களைப் போன்ற உருவங்களைத் தானே எழுப்பும் திரள். 'சிமெட்ரியாடு', 'அசிமெட்ரியாடு' என்பன சமச்சீர் உடையதும் அற்றதுமாகிய இரு பேருருவங்கள்.

கண்ணாற் கண்டதற்கு எளிய பெயர், வகைப்படுத்தியதற்குப் பாடநூற் பெயர், விளங்காததற்குக் கிரேக்கப் பெயர் என்று இவ்வடுக்குகள் ஏறிச் செல்கின்றன. விளக்கம் குறையக் குறையச் சொல்லின் பெருமிதம் கூடுகிறது. சமச்சீர்ப் பேருருவே எல்லாவற்றினும் விளங்காதது. அதனை ஆராயப் புகுந்து கீஸே உள்ளிட்ட பலர் மாண்டனர். அதற்கே கணிதவியலின் தெளிவு தொனிக்கும் பெயர் இடப்பட்டுள்ளது. இம்முரணே நாவலின் அங்கதம்.

4. இடைமொழியால் நேரும் இழப்பு

தமிழுக்கு வந்துள்ள பிறநாட்டு இலக்கியங்களுள் பெரும்பகுதி ஆங்கிலம் வழியே வந்தது என்பது அறிந்ததே. சோலாரிஸைப் பொறுத்தவரை இடைமொழி ஒன்றன்று, இரண்டு. ஜோனா கில்மார்ட்டின், ஸ்டீவ் காக்ஸ் ஆகியோரின் 1970-ஆம் ஆண்டு ஆங்கிலப் பெயர்ப்பு, ஜான் மிஷேல் யாசியென்ஸ்கோவின் பிரெஞ்சுப் பெயர்ப்பிலிருந்து செய்யப்பட்டது. ஆங்கிலம் நன்கறிந்த லெம் அப்பெயர்ப்பில் நிறைவு கொள்ளவில்லை. போலந்து மொழியிலிருந்து பில் ஜான்ஸ்டன் நேரடியாகச் செய்த ஆங்கிலப் பெயர்ப்பு 2011-இல்தான் வெளிவந்தது.

முதற் பெயர்ப்பில் மாந்தர் பெயர்களே மாறின. 'ஹாரே' என்பவள் 'ரேயா' ஆனாள். 'ஸ்னாவுட்' என்பவர் 'ஸ்நோ' ஆனார். பொருள் புலப்படாத ஒரு பெயர் ஆங்கிலத்தில் பனியைக் குறிக்கும் பொதுச்சொல்லாயிற்று. மேலே சுட்டிய சொல்லடுக்குகளில் நேர்ந்த மாற்றம் இதனினும் ஆழமானது. மரமலை மட்டும் எளிய தொகைச்சொல்லாகவே நின்றது. நீளம் பற்றிய பெயரும், காளான் பற்றிய பெயரும், விரைவு பற்றிய பெயரும், முதுகெலும்பு பற்றிய பாடநூற் சொல்லும் இலத்தீன் வேருடைய புதுச்சொற்களாயின. உழவர் சொல்லும் பாடநூற் சொல்லும் ஆய்வுக்கூடச் சொல்லாக உயர்த்தப்பட்டன. ஆங்கிலம் மட்டும் அறிந்த மொழிபெயர்ப்பாளர், எட்டுப் பெயர்களுள் ஏழும் ஒரே தரத்தன என்று கொள்ள நேரும்.

தமிழில் இதற்கு நேரெதிரான இடர் உண்டு. சேலத்தில் 1916-இல் இயங்கிய தமிழ்ச் சாஸ்திர பரிபாஷைச் சங்கம் தொடங்கி இன்றுவரை கலைச்சொல்லாக்கத்தில் நிகழ்ந்த விவாதம் பெரும்பாலும் வடமொழிச் சொல்லா, தமிழ்ச் சொல்லா, கடன்சொல்லா என்பதைப் பற்றியது. சோலாரிஸ் வெளிவந்த அதே 1961-இல் நடுவண் அரசு அமைத்த அறிவியல் தொழில்நுட்பக் கலைச்சொல் ஆணையம், இந்திய மொழிகளுக்குப் பொதுவாக வடமொழி வேர்களைப் பரிந்துரைக்கும் நெறியை மேற்கொண்டது. தமிழறிஞர் பலர் தமிழ் வேர்களையே வலியுறுத்தினர். பாடநூலுக்கு இவற்றுள் ஏதேனும் ஒரு நெறியை முழுமையாகக் கைக்கொள்வது பொருந்தும். புனைகதைக்கு அது பொருந்தாது. எல்லாப் பெயர்களையும் தூய தமிழ் வேர்களால் ஆக்கினால் எல்லாம் விளங்குவனவாகிவிடும். எல்லாவற்றையும் ஒலிபெயர்த்தால் எல்லாம் விளங்காதனவாகிவிடும். மூலத்தில் உள்ளதோ விளங்குவதிலிருந்து விளங்காததை நோக்கிச் செல்லும் ஒரு படிவரிசை.

எனவே வேரின் தூய்மையினும் அடுக்கின் வேறுபாட்டையே மொழிபெயர்ப்பாளர் காத்தல் வேண்டும். முதல் அடுக்குக்கு 'மரமலை', 'நீளி', 'பெருங்காளான்', 'விரைவி' போன்ற எளிய ஆக்கங்கள் போதும். காளானுக்குப் 'பூஞ்சை' என்னும் துறைச்சொல்லைப் பெய்வது அடுக்கை மாற்றிவிடும். இரண்டாம் அடுக்குக்கு 'முதுகெலும்பி' என்னும் பள்ளிச்சொல் அப்படியே அமைகிறது. மூலத்தோடு இத்துணை நெருங்கும் சொல் ஆங்கிலப் பெயர்ப்பில் இல்லை. மூன்றாம் அடுக்கில் 'சமச்சீரி', 'சமச்சீரிலி' என்னும் இணையை ஆக்கலாம். 'இலி' என்னும் எதிர்மறை ஈறு தமிழ் அறிவியல் வழக்கில் ஏற்கெனவே வேரூன்றியது. 'மிமாய்டு' என்பதனை ஒலிபெயர்த்து நிறுத்துவதே தக்கது. 'போலி' என்னும் சொல் முந்தி வந்து நிற்கும். ஆயின் இன்றைய வழக்கில் அது பொய்ம்மையைச் சுட்டும். கடல் எழுப்பும் படிவம் பொய்யா என்பது நாவல் தீர்க்காத வினாக்களுள் ஒன்று.

'காலவெளி' என்னும் தமிழ்ச்சொல் குறித்து ஒன்று கூறத்தகும். ஆங்கிலம் வெளியை முன்னும் காலத்தைப் பின்னும் வைத்து இத்தொகையை ஆக்கியுள்ளது. போலந்துச் சொல் தமிழைப் போன்றே காலத்தை முன்வைக்கிறது. மூலத்தோடு நேரே ஒத்துவரும் சொல் தமிழில் இருக்கையில் ஆங்கில வரிசையைப் பின்பற்றி 'வெளிகாலம்' என்று ஆக்க வேண்டுவதில்லை.

5. திணையும் கடலும்

பெயரினும் முடிபே பெருஞ்சிக்கல். போலந்து மொழியில் கடலைக் குறிக்கும் சொல் ஆண்பால். இறந்தகால வினைமுற்று ஒருமையில் பால் காட்டுமேயன்றி அறிவுடைமை காட்டாது. 'மனிதன் செய்தான்' என்பதற்கும் 'கடல் செய்தது' என்பதற்கும் அங்கு வினைவடிவம் ஒன்றே. ஆகவே மூலநூலில் கடல் எத்துணை முறை எழுவாயாக வரினும் இலக்கணம் நடுநிலை வகிக்கிறது. தமிழில் 'செய்தது' என்றவுடன் அறிவற்றது என்னும் வகைப்பாடு அமைந்துவிடுகிறது.

தொல்காப்பியம் மக்கள் என்று கருதப்படுவனவற்றை உயர்திணை என்றும் பிறவற்றை அஃறிணை என்றும் கொள்கிறது. நன்னூல் மக்களோடு தேவரையும் நரகரையும் உயர்திணையுட் சேர்க்கிறது. கடலை உயர்திணையாக்க வழியில்லை என்று முதல் நோக்கில் தோன்றும். அஃறிணைப் பொருள்கள் கேட்பன போலவும் பேசுவன போலவும் கூறும் மரபை நன்னூல் ஏற்றுக்கொள்கிறது. ஆயின் அஃது அணிநயம் சார்ந்த வழக்கு. அதனைக் கையாண்டால் நாவலின் அறிவியல் வினா உருவகமாகச் சுருங்கிவிடும். மனிதச் சாயலைக் கடல்மீது ஏற்றுவதன் பிழையையே லெம் நூல் முழுதும் காட்டுகிறார்.

இங்குத் தொல்காப்பியக் கிளவியாக்கத்தின் மற்றொரு விதி துணை நிற்கிறது. பொருளால் உயர்திணையாயினும் அத்திணைக்குரிய பால்முடிபு ஏலாமல் அஃறிணை முடிபே ஏற்கும் சில சொற்களை அவ்விதி தொகுத்துரைக்கிறது. அத்தொகுதியில் காலம், உலகம் என்பன முதலில் நிற்கின்றன. உயிர், உடம்பு, ஞாயிறு, திங்கள், சொல் முதலியனவும் அங்கு இடம்பெறுகின்றன. காலம் என்பது காலக்கடவுளையும், உலகம் என்பது மக்கள் தொகுதியையும் சுட்டுமிடத்து இவ்விதி பொருந்தும் என உரைகாரர் விளக்குவர். 'உலகம் பழித்தது' என்னும் தொடரில் பழிப்போர் மக்கள், முடிபோ அஃறிணை.

இவ்விதியிலிருந்து பெறப்படும் கருத்து முதன்மையானது. தமிழில் அஃறிணை முடிபு பெறுவதாலேயே ஒரு பொருள் அறிவற்றதாகிவிடாது. முடிபும் பொருளும் பிரிந்து நிற்கும் ஓர் இடத்தை மரபிலக்கணம் முன்பே வரையறுத்துள்ளது. சோலாரிஸ் கடலை அவ்விடத்தில் வைத்து நோக்கலாம். 'கடல் செய்தது' என்று எழுதுவது கட்டாயம். அதனைக் 'கல் விழுந்தது' என்பது போலவா, 'உலகம் பழித்தது' என்பது போலவா வாசிப்பது என்பது சூழலைப் பொறுத்தது. அச்சூழலை அமைப்பதே மொழிபெயர்ப்பாளர் கடன்.

6. வளைதலும் வளைத்தலும்

அச்சூழலை அமைக்க உதவுவது வினையின் வகை. தமிழில் வளை, திரி, விரி, பிரி போன்ற வினையடிகள் இருவகை உருவம் கொள்கின்றன. இவ்விணைகளைக் கு. பரமசிவம் இயங்குவினை, இயக்குவினை எனப் பெயரிட்டு விளக்கினார். காலவெளியின் பிறழ்ச்சியைக் கூறும் பின்வரும் தொடர்களை ஒப்பிடலாம்.

(1) காலவெளி வளைகிறது.
(2) கடல் காலவெளியை வளைக்கிறது.
(3) கடலால் காலவெளி வளைகிறது.
(4) கடற்பரப்பின்மேல் காலவெளியில் வளைவு காணப்படுகிறது.

(1)-இல் நிகழ்வு மட்டுமே உண்டு; நிகழ்த்துவது எது என்பதற்கு இடமில்லை. (2)-இல் கடல் வினைமுதலாகிறது. ஓர் ஒற்று மிகுந்ததால் நோக்கமும் வன்மையும் தொனிக்கின்றன. (4) அளவீட்டு அறிக்கையின் நடை. காண்போரின் இருப்பு மட்டும் புலனாகிறது.

(3) தனித்து நோக்கத்தக்கது. மூன்றாம் வேற்றுமை கருவிப் பொருளிலும் வரும். கருத்தாப் பொருளிலும் வரும். இயங்குவினையோடு சேரும்போது 'கடலால்' என்பது காற்றால் கிளை வளைவது போன்ற வெறுங்காரணமா, செயலாற்றும் ஒன்றா என்பது வரையறுக்கப்படுவதில்லை. நாவலில் பள்ளிகள் பிணங்குவதும் இவ்விரண்டிற்கும் இடையிலேயே ஆகும். ஆகவே கெல்வின் நடுநிலையில் செய்தி கூறும் பகுதிகளுக்கு மூன்றாம் வடிவமும், கடல் சிந்திக்கிறது என்பாரின் கூற்றுக்கு இரண்டாம் வடிவமும், மறுப்போரின் கூற்றுக்கு முதல் வடிவமும், அளவீட்டுச் செய்திகளுக்கு நான்காம் வடிவமும் பொருந்தும். இவ்வாறு பகிர்ந்தளித்தால் அறிவியற் பள்ளிகளின் பிணக்குத் தமிழ் வாக்கிய அமைப்பிலேயே புலப்படும். மொழிபெயர்ப்பாளர் அடிக்குறிப்பு எழுத வேண்டிய தேவை எழாது.

நடைமுறையில் இதற்கு மாறாக நிகழ்வதுண்டு. ஆங்கிலத் தொடரில் எழுவாய் இன்றியமையாதது. அதனை அடியொற்றுவோர் எல்லா இடத்தும் (2)-ஐயே எழுதிவிடுவர். பத்துப் பக்கங்களில் கடல் வளைக்கும், திரிக்கும், எழுப்பும், அழிக்கும். நாவல் இறுதிவரை ஐயத்தில் வைத்த ஒன்றைத் தமிழ் வாசகர் முதல் அதிகாரங்களிலேயே முடிந்ததாகக் கொள்வர்.

7. விருந்தினரா, ஆக்கங்களா

ஆய்வுநிலையத்தில் இருப்போரின் நினைவிலிருந்து கடல் மனித உருக்களைத் தோற்றுவிக்கிறது. கெல்வினிடம் வருவது தற்கொலை செய்துகொண்டு மறைந்த அவன் மனைவி ஹாரேயின் உரு. நிலையத்தார் இவ்வுருக்களுக்கு இரு பெயர்கள் வழங்குகின்றனர். ஒன்று 'விருந்தினர்' என்னும் பொதுச்சொல். மற்றொன்று 'எஃப் ஆக்கங்கள்' என்னும் பொருள்தரும் துறைச்சொல்.

போலந்து மொழியின் பன்மையில் ஒருமையில் இல்லாத ஒரு பாகுபாடு உண்டு. ஆண் மக்களை உள்ளடக்கிய பன்மை ஒரு முடிபும் பிற அனைத்தும் வேறு முடிபும் பெறும். விருந்தினரைக் குறிக்கும் சொல் மக்கட்பன்மைக்குரிய முடிபையும், ஆக்கத்தைக் குறிக்கும் சொல் மற்றை முடிபையும் ஏற்கின்றன. எனவே ஒருவர் எப்பெயரைத் தேர்கிறாரோ அதற்கேற்ப அவ்வுருக்கள் மக்களாகவோ பொருள்களாகவோ இலக்கணத்தில் நிற்கின்றன. ஆங்கில வினை இவ்வேறுபாட்டைக் காட்ட வல்லதன்று. மேலும் 1970-ஆம் ஆண்டுப் பெயர்ப்பு, ஆக்கம் என்னும் சொல்லுக்கு உயிரியைக் குறிக்கும் சொல்லைப் பெய்து வேறுபாட்டை மேலும் மங்கச் செய்தது.

தமிழில் 'விருந்தினர் வந்தனர்', 'ஆக்கங்கள் தோன்றின' என்று எழுதியவுடன் மூலத்தின் வேறுபாடு முழுமையாக மீள்கிறது. இடைமொழியில் அழிந்ததைத் தமிழ்த் திணையிலக்கணம் தன்னியல்பாகவே மீட்டுத் தருகிறது. 'விருந்து' என்னும் சொல்லுக்குப் புதுமை என்னும் பழம்பொருள் உண்டு என்பதும் இங்குப் பொருத்தமாகிறது.

ஹாரேயை ஒருமையில் சுட்டும்போது நிலைமை மாறுகிறது. மூலத்தில் அவள் பெண்பால், வேறு ஐயமில்லை. தமிழில் 'அவள் வந்தாள்' என்றால் பெண்பாலோடு உயர்திணையும் உறுதியாகிறது. உடனிருக்கும் அவளைக் கெல்வின் மனிதராக ஏற்பது படிப்படியாக நிகழும் மனமாற்றம். அம்மாற்றத்துக்கு முன்பே இலக்கணம் அவளை ஏற்றுவிடுகிறது. இவ்விடத்தில் திராவிட மொழிகள் தம்முள் வேறுபடுவது நோக்கத்தக்கது. தெலுங்கில் பெண்பால் ஒருமைக்கும் அஃறிணை ஒருமைக்கும் வினைமுடிபு ஒன்றே. 'வச்சிந்தி' என்பது 'வந்தாள்' எனவும் 'வந்தது' எனவும் பொருள்படும். மலையாளத்தில் வினைமுற்று பால் காட்டுவதே இல்லை. கன்னடம் தமிழைப் போன்று பிரித்துக் காட்டும். ஒரே நாவல் தெலுங்கிலும் மலையாளத்திலும் ஐயத்தைக் காக்க இயலும். தமிழும் கன்னடமும் தீர்ப்புக் கூற நேரும்.

தமிழ் மொழிபெயர்ப்பாளர் முதற்சந்திப்புப் பகுதியில் எச்சங்களையும் தொழிற்பெயர்களையும் உடலுறுப்புகளை எழுவாயாகக் கொண்ட தொடர்களையும் மிகுதியாகக் கையாண்டு தீர்ப்பைத் தள்ளிவைக்கலாம். 'அவள் திரும்பினாள்' என்பதற்கு மாற்றாக 'முகம் திரும்பியது' என்று அமைக்கலாம். கெல்வின் அவளை அவளாகவே ஏற்கும் இடத்தில் 'அவள்' என்னும் சுட்டுப்பெயர் முதன்முறையாக வருமாயின், மூலத்தில் இல்லாத, ஆயின் மூலத்துக்கு முரணாகாத ஒரு பொருட்செறிவு கிடைக்கும்.

8. முடிவுரை

காலமும் வெளியும் பிறழும் புனைவுலகை மொழிபெயர்ப்பதில் முதன்மைச் சிக்கல் கலைச்சொல் பஞ்சம் என்று பொதுவாகக் கருதுவர். மேற்கண்ட ஆய்வு வேறொன்றைக் காட்டுகிறது. சொற்களை ஆக்கிக்கொள்ளலாம், அவற்றின் அடுக்கைக் காப்பதே அரிது. பெயர்களைவிட வினைமுடிபே கூடுதலான செய்தியை, கேளாமலே, வாசகருக்கு அளித்துவிடுகிறது. மூலநூல் அறியாமையை நேர்மையோடு முன்வைக்கும்போது, மொழிபெயர்ப்பு அறிந்ததாகக் காட்டிக்கொள்வது பிழை.

அப்பிழையைத் தவிர்க்கும் கருவிகள் தமிழிலேயே உள்ளன. பொருளும் முடிபும் பிரிந்து நிற்க இடமளிக்கும் கிளவியாக்க விதி, இயங்குவினை இயக்குவினை இணைகள், கருவியும் கருத்தாவும் ஒருங்கே ஏற்கும் மூன்றாம் வேற்றுமை, மக்களையும் பொருள்களையும் பிரித்துக் காட்டும் பன்மை முடிபு ஆகியன அவை. இவற்றைப் பயன்படுத்த மொழிபெயர்ப்பாளர் ஆங்கிலத் தொடரின் எழுவாயை விடுத்து மூலத்தின் வினாவை நோக்குதல் வேண்டும். போலந்து மொழியிலிருந்து தமிழுக்கு நேரடியாகப் பெயர்ப்போர் உருவாகும்வரை, ஆங்கிலப் பெயர்ப்புகள் இரண்டையும் அருகருகே வைத்து ஒப்பிட்டு, அவை வேறுபடும் இடங்களை மூலமறிந்தாரிடம் உசாவித் தெளிதல் குறைந்த அளவுக் கடமையாகும்.